கிரிவலப் பாதையில் ஒரு எடிட்டர்... லண்டனில் பிறந்து திருவண்ணாமலைக்காரரான ஆர்தர் ஆஸ்போர்ன்!

பௌர்ணமி அன்று கிரிவலம் போகிறவர்கள், செங்கம் சாலையில் ரமணாசிரமத்தைக் கடந்துதான் 14 கிலோமீட்டரையும் முடிக்க வேண்டும். அந்த ஆசிரமத்தில் இருந்து 'தி மவுன்டன் பாத்' என்ற ஆங்கிலக் காலாண்டிதழ் வெளிவருகிறது. பெயருக்கு மலைப்பாதை என்று பொருள். 1964 ஜனவரியில் தொடங்கிய இதழ், 60 ஆண்டுகளைத் தாண்டி இன்றும் வந்துகொண்டிருக்கிறது.

அதன் முதல் ஆசிரியர் ஆர்தர் ஆஸ்போர்ன். 1906-ல் லண்டனில் பிறந்தவர். ஆக்ஸ்ஃபோர்டில் படித்தவர். நினைத்திருந்தால் அங்கேயே பேராசிரியராகி நிம்மதியாக இருந்திருக்கலாம். ஆனால், படிப்பு முடிந்ததும் அந்த வாழ்க்கை அவருக்கு ஒட்டவில்லை. போலந்துக்குப் போனார். அங்கே லூசியாவைத் திருமணம் செய்துகொண்டார். பிறகு, தாய்லாந்தின் பாங்காக்கில் உள்ள சுலாலங்கோர்ன் பல்கலைக்கழகத்தில் விரிவுரையாளர் ஆனார்.

பிரித்துப்போட்ட போர்

1941-ல் விடுமுறைக்காகக் குடும்பத்தோடு இந்தியா வந்தார். மனைவியையும் மூன்று குழந்தைகளையும் திருவண்ணாமலையில் விட்டுவிட்டு, வேலைக்காக பாங்காக் திரும்பினார். அந்த டிசம்பரில் ஜப்பான் படைகள் தாய்லாந்துக்குள் நுழைந்தன. எதிரி நாட்டுக்காரர் என்பதால் ஆஸ்போர்ன் சிறை முகாமில் அடைக்கப்பட்டார்.

மூன்றரை ஆண்டுகளுக்கும் மேல் அந்த முகாம்தான் அவருக்கு வீடு. இந்தப் பக்கம், மொழி தெரியாத ஊரில் மூன்று பிள்ளைகளோடு லூசியா. கணவர் உயிரோடு இருக்கிறாரா என்பதுகூட உறுதியில்லாத நாட்கள். 'அப்பா பத்திரமாகத் திரும்பி வரணும்' என்று சின்ன மகன் ரமண மகரிஷியிடம் கேட்டதும், அவர் தலையசைத்ததும் ஆசிரமத்தில் இன்றும் சொல்லப்படுகிற சம்பவம்.

1945-ல் போர் முடிந்தது. ஆஸ்போர்ன் திருவண்ணாமலைக்கு வந்து சேர்ந்தார்.

கார்த்திகை தீபத்தன்று...

வந்தவுடனே மகரிஷியிடம் உருகிப்போய்விட்டார் என்று நினைத்தால் அது தவறு. முதல் சில வாரங்களில் பெரிதாக எதையும் உணரவில்லை என்று அவரே எழுதியிருக்கிறார். அந்த ஆண்டு கார்த்திகை தீபத்தன்று ஊரெல்லாம் கூட்டம். ஆசிரம முற்றத்தில் முன்வரிசையில் உட்கார்ந்திருந்தார் ஆஸ்போர்ன். சாய்ந்திருந்த மகரிஷி நிமிர்ந்து உட்கார்ந்து அவரையே பார்த்தார். அந்தப் பார்வையையே தனக்குக் கிடைத்த தீட்சையாக ஆஸ்போர்ன் எடுத்துக்கொண்டார்.

ஆனால், மூன்று பிள்ளைகள் இருக்கும் வீட்டில் தியானம் மட்டும் அடுப்பை எரிய வைக்காது. சம்பாதிக்க வேண்டும். சென்னைக்குப் போய் ஓர் ஆங்கில நாளிதழில் உதவி ஆசிரியரானார். பத்திரிகை வேலையின் அவசரமும் ஒழுங்கும் அங்கே பழகின. அதன் பிறகு கல்கத்தாவில் பள்ளி முதல்வர். எந்த ஊருக்குப் போனாலும் அவர் மனம் அண்ணாமலையிலேயே இருந்தது.

1950 ஏப்ரல் 14 அன்று ரமணர் மறைந்தார். தனக்குப் பின் இவர்தான் குரு என்று யாரையும் அவர் காட்டவில்லை. 'இனிமேல் யாரைத் தேடி அங்கே போவது?' என்ற கேள்வி பலருக்கும் இருந்தது. ஆஸ்போர்ன் எழுத்தின் மூலம் பதில் சொன்னார். அவர் எழுதிய ரமணரின் வாழ்க்கை வரலாறு 1954-ல் லண்டனில் வெளியானது. முன்னுரை எழுதியவர் டாக்டர் ராதாகிருஷ்ணன். ரமணரின் நூல்களைத் தொகுத்து ஆங்கிலத்தில் கொண்டுவந்ததும் ஆஸ்போர்ன்தான். ஷீரடி சாய்பாபா பற்றியும் ஒரு புத்தகம் எழுதினார்.

57 வயதில் ஒரு புது இதழ்

1958-ல் திருவண்ணாமலைக்கே திரும்பினார். பலர் ஓய்வு பற்றி யோசிக்கிற 57 வயதில் 'தி மவுன்டன் பாத்' இதழைத் தொடங்கினார். ஆசிரமத் தலைவர் டி.என்.வெங்கடராமன் நிர்வாகத்தைப் பார்த்துக்கொண்டார்.

ஆசிரம இதழ் என்றால் குருவின் புகழ் மட்டும்தான் இருக்கும் என்று எதிர்பார்த்தவர்களுக்கு ஆச்சர்யம் காத்திருந்தது. இந்து, பௌத்தம், இஸ்லாம், கிறிஸ்தவம் என எல்லா மதங்களின் ஞானிகளுக்கும் அதில் இடம் இருந்தது. இன்றைய வேலை, குடும்பம், ஓட்டத்துக்கு நடுவே ஒருவர் எப்படி ஆன்மிகப் பாதையில் நடப்பது என்பதே இதழின் அக்கறை. ஆஸ்போர்னே வெவ்வேறு புனைபெயர்களில் கட்டுரைகள் எழுதினார். வாசகர் கடிதங்களுக்குப் பதில் சொன்னார். மகரிஷியிடம் வந்து சேர்ந்த கதையைப் பக்தர்களே எழுதிய பகுதியும் உண்டு. திருவண்ணாமலைக்கு ஒருமுறைகூட வர முடியாதவர்களுக்கு, தபாலில் வந்த அந்த இதழ்தான் ஆசிரமம்.

1970 மே 8 அன்று ஆஸ்போர்ன் காலமானார். வயது 63. ஆறு ஆண்டுகள்தான் ஆசிரியராக இருந்தார். அவரது சமாதி திருவண்ணாமலையிலேயே, அவர் வாழ்ந்த வீட்டின் தோட்டத்தில் இருக்கிறது. சுயசரிதை அவர் மறைந்து பல ஆண்டுகளுக்குப் பிறகே புத்தகமாக வந்தது.

அவருக்குப் பிறகு இதழ் நிற்கவில்லை. ஆசிரியர் பொறுப்பை லூசியா ஏற்றார். போர்க்காலத்தில் இதே ஊரில் மூன்று பிள்ளைகளோடு காத்திருந்தவர், கணவர் விட்ட இடத்தில் இருந்து அடுத்த இதழைத் தயார் செய்ய உட்கார்ந்தார்.