கடற்கரை காலிமனை அன்று!

திருமணம் என்றால் ஊரே திரள வேண்டும், ஒலிபெருக்கி அலற வேண்டும், பெண்ணைப் பெற்றவர் கடன் பத்திரத்தில் கையெழுத்திட வேண்டும் என்றிருந்த வழக்கம் மெல்லத் தளர்ந்து வருகிறது. ஐந்நூறு பேருக்குப் பதில் முப்பது பேர் போதும், மண்டபத்துக்குப் பதில் மரநிழல் போதும் என்று எண்ணும் இளைஞர்கள் நம்மிடையே பெருகியிருக்கிறார்கள். நல்ல எண்ணம், நான் வரவேற்கிறேன். ஆனால் அந்த மரநிழலைத் தேடிக் கடல் கடந்து அந்தமானுக்கே புறப்படுகிறார்கள் சிலர். அத்தீவில் பிறந்து வளர்ந்து இங்கே பயிலவந்த தமிழன் நான் என்பதால், "மணமேடை போட நல்ல கடற்கரை எது?" என்று என்னிடம் கேட்போர் பலர். தனித்தனியே சொல்லி வந்த விடையை இங்கே பொதுவில் வைக்கிறேன்.

மணம் முடிக்க வாருங்கள். ஆனால் கடற்கரையை மண்டபமாக்காதீர்கள். கரையிலிருந்து சற்று உள்ளே, உரியவரின் இசைவோடு, ஒரு தென்னந்தோப்பையோ விடுதிப் புல்வெளியையோ தேர்ந்தெடுங்கள். மணத்தை விடியலிலேயே முடித்துவிடுங்கள். இதுவே என் விடை.

ஏன் விடியல்? அந்தமான் இந்தியாவின் கிழக்குக் கோடியில் இருக்கிறது. கடிகாரமோ இந்தியா முழுமைக்கும் ஒன்றே. அதனால் ஆறு மணிக்கு முன்பே கதிரவன் எழுந்துவிடுகிறான். சனவரித் தொடக்கத்தில் மாலை ஐந்தேகாலுக்குள் மறைந்தும்விடுகிறான். சென்னையில் இருந்துகொண்டு "மாலை ஆறரைக்குக் கடலோர வரவேற்பு" என்று அழைப்பிதழ் அச்சிட்டால், விருந்தினர் காணப்போவது கடலை அன்று, கும்மிருட்டை! இருட்டைப் போக்க விளக்குகள், விளக்குகளுக்கு மின்பொறி, மின்பொறியின் இரைச்சலை அடக்க இசைக்கருவி என்று எளிய திருமணம் அங்கேயே கொல்லப்படுகிறது.

அந்த விளக்கு நம் பணத்தை மட்டுமா தின்கிறது? மழை குறைந்த சனவரி முதல் ஏப்ரல் வரையிலான மாதங்களே அங்கே வெளியிடத் திருமணத்துக்கு ஏற்றவை. கடலாமைகள் கரையேறி முட்டையிடுவதும், குஞ்சுகள் பொரிந்து வெளிவருவதும் பெரும்பாலும் இதே மாதங்களில்தான். குஞ்சுகள் இரவில் வெளிச்சமுள்ள திசையைக் கடல் என்று நம்பி நகர்பவை. நம் அலங்கார விளக்கைக் கடலென்று எண்ணி எதிர்த்திசையில் ஊர்ந்து மடிகின்றன. இரு உயிர்கள் இணையும் நாளில் எத்தனை உயிர்கள் வழிதவறுகின்றன, எண்ணிப் பாருங்கள்.

மணல்வெளி நாம் நினைப்பதுபோல் நிலையானதும் அன்று. நாளொன்றுக்கு இருமுறை கடல் ஏறி இறங்குகிறது. நம்மவர் பௌர்ணமி நாளை விரும்புவர். பௌர்ணமியையும் அமாவாசையையும் ஒட்டிய நாட்களிலேதான் ஏற்றம் மிகுதி. காலையில் அகன்று கிடந்த மணல் சில மணி நேரத்தில் மறைந்துபோகும். நாற்காலிகளோடு மணமேடையும் நனையும். 2004 டிசம்பர் 26 நிலநடுக்கத்தில் தென் அந்தமான் நிலமே தாழ்ந்தது. சிப்பிகாட் வயல்களுக்குள் புகுந்த கடல்நீர் திரும்பிப் போகவில்லை. கடலை அழகுத் திரைச்சீலையாக மட்டும் காண எங்களால் முடியாததற்கு இதுவே காரணம்.

எந்தத் தீவு என்று கேட்பீர்கள். ஹேவ்லாக் என்று வழங்கிய சுவராஜ் தீவின் இராதாநகர்க் கரை 2020-இல் நீலக்கொடிச் சான்று பெற்றது. அதன் அழகை யார் மறுப்பார்? ஆனால் அது எல்லாருக்கும் உரிய கரை. முப்பது பேருக்காகக் கயிறு கட்டி மற்றவரை விலக்க நமக்கு என்ன உரிமை? நீல் என்று வழங்கிய ஷாகித் தீவு சிறியது. வயலும் தோட்டமும் உடையது. சிறு கூட்டத்துக்கு ஏற்றது. முதியோரும் குழந்தைகளும் உடன் வந்தால் இன்று ஸ்ரீ விஜயபுரம் எனப்படும் போர்ட் பிளேயரை ஒட்டிய தோட்டங்களே மேல். அங்கே மருத்துவமனை அருகில். இன்னொரு கப்பல் ஏறவும் வேண்டாம். 2016 டிசம்பரில் புயற்சின்னத்தால் கப்பல் போக்குவரத்து நின்று, ஆயிரத்துக்கு மேற்பட்ட பயணிகள் ஹேவ்லாக்கில் சிக்கினர். கடற்படை சென்று மீட்டது. மணமகள் ஒரு தீவிலும் மணமகன் ஒரு தீவிலும் நின்றால் முகூர்த்தம் காத்திருக்குமா? எங்கே மணமானாலும் முன்னே இரண்டு நாள் ஒதுக்குங்கள்.

நிக்கோபார்த் தீவுகளைப் பற்றியும் சிலர் கேட்கிறார்கள். அவை பழங்குடி மக்களின் நிலம். 1956-ஆம் ஆண்டு ஒழுங்குமுறைச் சட்டம் அவர்களைக் காக்கிறது. தனி இசைவின்றி வெளியார் நுழைய முடியாது. நுழைய முடியாத வீட்டில் பந்தல் போட நினைப்பது பண்பாகுமா?

சட்டத்தையும் மறந்துவிடலாகாது. புரோகிதரின்றிச் செய்யும் சுயமரியாதைத் திருமணத்துக்கு 1967-இல் அண்ணா ஆட்சி சட்ட ஏற்பு தேடித் தந்தது. ஆனால் அது தமிழ்நாட்டின் திருத்தச் சட்டம். அந்தமானின் சட்டம் அன்று. 1954-ஆம் ஆண்டுச் சிறப்புத் திருமணச் சட்டப்படி மணப்பதென்றால், இருவரில் ஒருவரேனும் அம்மாவட்டத்தில் முப்பது நாள் தங்கியிருக்க வேண்டும். அறிவிப்புக்குப் பின்னும் முப்பது நாள் பொறுக்க வேண்டும். ஒருவாரப் பயணத்தில் அது நடவாது. ஆகவே ஊரிலேயே முறைப்படி மணந்து பதிவு செய்துவிட்டு, தீவில் வாழ்த்து விழா நடத்துவதே அறிவுடைமை.

"இத்தனை கட்டுப்பாடு சொன்னால் யார் வருவார்? வருவோரை நம்பித்தானே தீவார் பிழைக்கிறார்கள்?" என்று வினவலாம். நியாயமான வினா. படகோட்டியும் சமையற்காரரும் ஆட்டோ ஓட்டுநரும் வருவோரால் வாழ்கிறார்கள். என் உறவினரும் அவர்களுள் உண்டு. ஆயினும் திருமண மாதங்களே தண்ணீர்ப் பஞ்ச மாதங்களும் ஆகும். தனிகாரி அணையில் நீர் தாழ, நகரில் குழாய்நீர் முறைவைத்து விடப்படும். அவ்வேளையில் முந்நூறு பேர் வந்திறங்கினால் எங்கள் குடங்கள் வரிசையில் நிற்கும். முப்பது பேர் வந்தால் தீவு தாங்கும், வருமானமும் நிற்கும். மல்லிகையை மூட்டை மூட்டையாக விமானத்தில் ஏற்ற வேண்டாம்; தென்னங்குருத்துத் தோரணம் போதும். 2011 கணக்குப்படி தீவாரில் ஏறத்தாழ நூற்றுக்குப் பதினைவர் தமிழைத் தாய்மொழியாகக் கொண்டவர்கள். சமைக்கவும் பந்தலிடவும் அங்கேயே ஆளுண்டு. அந்தக் கூலி அங்கேயே தங்கட்டும்.

இவையெல்லாம் நமக்குப் புதியனவும் அல்ல. அகநானூற்றின் 86-ஆம் பாடல் காட்டும் திருமணத்தை நினைத்துப் பாருங்கள். பந்தல், அதில் கொணர்ந்து பரப்பிய மணல், ஒரு விளக்கு, இருள் நீங்கும் விடியல், நீரும் பூவும் நெல்லும் தூவி வாழ்த்தும் பெண்கள். பகட்டும் இல்லை, கடனும் இல்லை. அவர்கள் மணலைப் பந்தலுக்குக் கொண்டுவந்தார்கள். நாமோ பந்தலை மணலுக்குத் தூக்கிச் செல்கிறோம்!

தோழர்களே! இன்னும் சில ஆண்டுகளில் நம்மில் பலருக்கு மணநாள் வரும். கூட்டத்தைக் குறைத்தவர்கள் ஆடம்பரத்தையும் குறைக்க வேண்டாமா? மண்டபத்தின் பகட்டை மணலில் கொண்டுபோய்க் கொட்டினால் அது எளிய திருமணம் ஆகிவிடாது. நெய்தலுக்கு உரிப்பொருள் இரங்கல் என்று வகுப்பில் படிக்கிறோம். நாம் மகிழ்ந்து திரும்பிய பின் அந்தக் கரையை இரங்க விடலாகாது.