வீட்டின் அடக்க விலை



குல்பர்காவிலிருந்து ஒரு லாரி துவரம் பருப்பு வந்து இறங்குகிறது. நாம் என்ன செய்கிறோம்? கொள்முதல் விலையை மட்டும் பார்த்து விற்பனை விலை போடுவதில்லை. லாரி வாடகை, ஏற்றுக்கூலி, இறக்குக்கூலி, தரகு, எடைக் குறைவு, சரக்கு விற்றுத் தீரும் வரை முடங்கும் பணத்துக்கு வட்டி, எல்லாவற்றையும் சேர்த்துக் கிலோவுக்கு அடக்க விலை இவ்வளவு என்று கண்ட பிறகுதான் விலை சொல்கிறோம். கிலோவுக்கு 50 காசு தவறினாலும் லாபம் போய்விடும் என்பது நமக்குத் தெரியும்.

அதே நாம், வாழ்நாளிலேயே பெரிய கொள்முதலான வீட்டை வாங்கும்போது மட்டும் "மாதம் எவ்வளவு கட்ட வேண்டும்?" என்ற ஒரே கேள்வியோடு கையெழுத்துப் போட்டுவிடுகிறோம். அந்த வீட்டின் அடக்க விலை என்ன என்று கேட்பவர் நூற்றில் ஒருவர் கூட இருப்பாரா என்பது சந்தேகமே.

பேரேடு சொன்ன செய்தி

எங்கள் கடையில் பல ஆண்டுகளாகச் சரக்கு எடுக்கும் மளிகைக் கடைக்காரர் ஒருவர். நாணயமானவர். பெரும்பாலும் ரொக்கம்தான், பாக்கி வைத்தாலும் சொன்ன தேதிக்குப் பணம் வந்துவிடும். 2021ஆம் ஆண்டு தொடக்கத்தில் 40 லட்சத்துக்கு ஒரு வீடு வாங்கினார். கையிலிருந்து 10 லட்சம், கடன் 30 லட்சம். அந்த 10 லட்சத்தில் 6 லட்சம் கடை முதலிலிருந்து எடுத்தது என்பது எங்களுக்குப் பிறகுதான் தெரிந்தது.

ஆனால் அதற்கு முன்பே பேரேடு சொல்லிவிட்டது. 15 நாள் பாக்கி 30 நாளாயிற்று, 30 நாள் 50 ஆயிற்று. பத்து மூட்டை எடுத்தவர் நான்கு மூட்டை எடுத்தார். 2023 ஆடி மாதத்தில் ஒரு மத்தியானம் வந்து உட்கார்ந்தார். "அண்ணாச்சி, தண்டல் வாங்கியிருக்கேன்" என்றார். 10 ஆயிரம் என்று எழுதிக்கொண்டு எட்டாயிரத்து ஐந்நூறு கையில் கொடுத்து, தினம் 100 ரூபாய் வீதம் 100 நாள் தண்டும் கடன். சரக்கு போடுவதற்காக வாங்கியிருக்கிறார்.

வீட்டுக்கடன் பற்றுவரவுத் தாளைக் கொண்டுவரச் சொல்லிப் பார்த்தோம். இரண்டரை ஆண்டில் ஏறத்தாழ 7 லட்சம் கட்டியிருந்தார். அவர் தொடங்கியது 240 தவணை. அன்று தாளில் பாக்கியிருந்த தவணைகள் 240க்கும் அதிகம்! "கட்டக் கட்ட ஏறுதே, இது எப்படி அண்ணாச்சி?" என்று கேட்டார். அதைப் பிறகு சொல்கிறோம். முதலில் எல்லா வீட்டுக்கடனுக்கும் பொதுவான கணக்கைப் பார்த்துவிடுவோம்.

மாதத் தவணை ஒரு திரை

30 லட்சம் கடன், ஆண்டு வட்டி 9 சதவீதம், 20 ஆண்டு என்று வைத்துக்கொள்வோம். மாதத் தவணை 26,992 ரூபாய். முதல் மாதம் இதில் வட்டிக்குப் போவது 22,500. அசலில் கழிவது 4,492 மட்டுமே. மாதம் செல்லச் செல்ல வட்டி குறைந்து அசல் பங்கு கூடும் என்பது உண்மைதான். ஆனால் அது எவ்வளவு மெதுவாக நடக்கிறது என்பதுதான் விஷயம்.

5 ஆண்டு முடிவில் நாம் கட்டியது 16 லட்சத்து 19 ஆயிரம். அசலில் கழிந்தது 3 லட்சத்து 39 ஆயிரம். 10 ஆண்டு முடிவில் கட்டியது 32 லட்சத்து 39 ஆயிரம், அதாவது வாங்கிய கடனை விட அதிகம். அப்போதும் பாக்கி 21 லட்சத்து 31 ஆயிரம் நிற்கும். 20 ஆண்டும் கட்டி முடித்தால் மொத்தம் 64 லட்சத்து 78 ஆயிரம். கையிலிருந்து போட்ட 10 லட்சத்தைச் சேர்த்தால், நாற்பது லட்ச வீட்டின் அடக்க விலை ஏறத்தாழ 75 லட்சம். பத்திரச் செலவும் இதர செலவும் தனி.

"தவணை அதிகமாகத் தெரிந்தால் 30 ஆண்டாகப் போட்டுக்கொள்ளுங்கள்" என்று சொல்பவர்கள் உண்டு. போட்டால் தவணை 24,139. மாதம் 2,853 ரூபாய் குறைகிறது. ஆனால் மொத்தம் கட்டுவது 86 லட்சத்து 90 ஆயிரம். 2,853 ரூபாய் சலுகைக்கு நாம் கொடுக்கும் விலை 22 லட்சம். மாறாக 15 ஆண்டுக்கு எடுத்தால் தவணை 30,428. மொத்தம் 54 லட்சத்து 77 ஆயிரம். மாதம் 3,436 ரூபாய் கூடக் கட்டுவதால் மிச்சம் 10 லட்சம். சீட்டு எடுக்கும்போது தள்ளு எவ்வளவு என்று கணக்குப் பார்த்துத்தானே கை தூக்குகிறோம்? இங்கே மட்டும் ஏன் பார்ப்பதில்லை?

நாங்கள் படித்த பாடம்

மற்றவருக்குச் சொல்லும் தகுதி எங்களுக்கு எப்படி வந்தது என்றால், நாங்களும் ஏமாந்தவர்கள்தான். 1996ல் ஒரு வீட்டுக்கடன் நிறுவனத்தில் 5 லட்சம் வாங்கினோம். வட்டி 15 சதவீதம், 15 ஆண்டு, மாதத் தவணை 7,126. அந்தக் காலத்தில் ஆண்டுக்கு ஒரு முறைதான் அசலைக் குறைத்து வட்டி போடுவார்கள். சித்திரையில் கட்டிய பணமும் அந்தக் கணக்காண்டு முடியும் வரை நம் பெயரில் கழியாது.

நான்கு ஆண்டு கழித்து, கையில் கொஞ்சம் பணம் சேர்ந்ததும் பாக்கியை விசாரித்தோம். கட்டியது 3 லட்சத்து 42 ஆயிரம். அசலில் கழிந்தது 52 ஆயிரம்! அன்று இரவு சாப்பாடு இறங்கவில்லை. பிறகு ஒவ்வோர் ஆண்டும் தீபாவளி, பொங்கல் வியாபாரத்தில் மிஞ்சியதில் 70 ஆயிரம் போலத் தனியே கட்டினோம். வீட்டில் புது நகை இல்லை, கடைக்குப் புது வண்டி இல்லை. முன்கூட்டிக் கட்டியதற்கு அபராதமும் கேட்டார்கள், கொடுத்தோம். எட்டாம் ஆண்டில் கடன் முடிந்தது. மிச்சமான வட்டி 3 லட்சத்துக்குக் குறையாது.

வட்டி ஏறும்போது நடப்பது

இனி நம் நண்பரின் கேள்விக்கு வருவோம். இன்று பெரும்பாலான வீட்டுக்கடன்கள் மாறும் வட்டிக் கடன்கள். 2019 அக்டோபர் முதல் வங்கிகள் தரும் புதிய மாறும் வட்டி வீட்டுக்கடன்கள் வெளி அளவுகோலோடு, பெரும்பாலும் ரிசர்வ் வங்கியின் ரெப்போ விகிதத்தோடு, இணைக்கப்பட்டுள்ளன. 2022 மே முதல் 2023 பிப்ரவரிக்குள் அந்த விகிதம் 4 சதவீதத்திலிருந்து ஆறரை சதவீதமாக ஏறியது.

நண்பர் கடன் எடுத்தபோது வட்டி 7 சதவீதம், தவணை 23,259. வட்டி ஒன்பதரை ஆனால் 30 லட்சத்துக்கு ஒரு மாத வட்டி மட்டும் 23,750. அதாவது கடன் புதிதாக இருந்தால் பழைய தவணை வட்டிக்கே போதாது! அவர் கடனில் அசல் கொஞ்சம் கழிந்திருந்ததால் வட்டி போக ஏதோ சில நூறு ரூபாய் மிஞ்சியது. தவணையை ஏற்றாமல் மாதங்களை நீட்டிவிட்டார்கள். தகவல் கைப்பேசிக்குக் குறுஞ்செய்தியாக ஆங்கிலத்தில் வந்திருக்கிறது. தவணைத் தொகை மாறாததால் அவர் கவனிக்கவில்லை.

2023 ஆகஸ்டில் ரிசர்வ் வங்கி இதற்கு ஓர் உத்தரவு போட்டது. வட்டி மாறும்போது தவணையை ஏற்றுவதா, காலத்தை நீட்டுவதா, இரண்டையும் கொஞ்சம் செய்வதா என்பதைக் கடன் வாங்கியவரிடம் கேட்க வேண்டும். எப்போது வேண்டுமானாலும் ஒரு பகுதியையோ முழுவதையோ முன்கூட்டிக் கட்ட விட வேண்டும். தவணை வட்டிக்கே போதாத நிலை வரக் கூடாது. மூன்று மாதத்துக்கு ஒரு முறை கணக்குத் தாள் தர வேண்டும் என்பவை அதில் உள்ளன. உரிமை இருக்கிறது. கேட்டு வாங்குவது நம் பொறுப்பு. 2025ல் ரெப்போ விகிதம் படிப்படியாகக் குறைந்தது. அந்தக் குறைப்பு நம் கணக்கில் வந்ததா என்றும் பார்க்க வேண்டும்.

கடை முதல் வேறு, வீடு வேறு

வட்டியை விட நண்பரைச் சாய்த்தது கடை முதலில் கை வைத்ததுதான். ரொக்கமாக எடுத்தால் 1 சதவீதம் கழிவு, இல்லையேல் 15 நாள் கடன் என்பது நம் தொழிலில் சாதாரணம். அந்தக் கழிவை விட்டுக்கொடுத்தால் 15 நாளைக்கு 1 சதவீதம், ஆண்டுக்கு 24 சதவீதம். வீட்டுக்கடனை 6 லட்சம் குறைத்துவிட்டோம் என்று மகிழ்ந்தவர், கடைக்கு 24 சதவீதத்தில் கடன் வாங்கினார். பிறகு தண்டல்காரரிடம் போனார். ஆகவே முன்கூட்டிக் கட்டுங்கள் என்று நாம் சொல்வது சரக்குப் பணத்தை எடுத்து அல்ல, மிஞ்சிய லாபத்திலிருந்து.

"வீட்டு மதிப்பு ஏறுகிறதே, வாடகை மிச்சமாகிறதே" என்பார்கள். உண்மை. வீடு வாங்க வேண்டாம் என்று நாம் சொல்லவில்லை. "20 ஆண்டு கழித்து 27 ஆயிரம் பெரிய தொகையா?" என்பதும் நியாயமான கேள்வி. ஆனால் சம்பளக்காரருக்கு ஆண்டுதோறும் சம்பளம் ஏறும். நம் வருமானம் அப்படியல்ல. எதிரே ஒரு பெரிய கடை திறந்தால் அடுத்த மாதமே கல்லா சொல்லிவிடும். "வரிச் சலுகை உண்டே" என்பவர்களுக்கும் ஒரு வார்த்தை: புதிய வரி முறையில் நாம் குடியிருக்கும் வீட்டின் வட்டிக்குக் கழிவு கிடையாது. பழைய முறையில் இருந்தாலும் 100 ரூபாய் வட்டி கட்டி 20 அல்லது 30 ரூபாய் வரி மிச்சப்படுத்துவது லாபம் ஆகாது.

வியாபாரிக்கு எங்கள் யோசனை இதுதான். தவணையை ஐப்பசி வியாபாரத்தை வைத்து முடிவு செய்யாதீர்கள். ஆடி வியாபாரத்தை வைத்து முடிவு செய்யுங்கள். கல்யாணச் சரக்கு போகாத மாதத்திலும் கட்ட முடிகிற தொகையே நம் தவணை. அதற்கு 15 ஆண்டு தாங்காது என்றால் 20 ஆண்டே எடுங்கள். தீபாவளி முடிந்ததும் ஆண்டுக்கு ஒரு தவணை கூடுதலாகக் கட்டுங்கள். மேலே சொன்ன 30 லட்சக் கடன் அப்போது பதினாறரை ஆண்டில் முடிந்துவிடும். மிச்சம் ஏறத்தாழ 7 லட்சம். கூடுதல் பணம் கட்டும்போது "காலத்தைக் குறைக்கவும், தவணையைக் குறைக்க வேண்டாம்" என்று கடிதம் கொடுத்து நகலில் முத்திரை வாங்கிக்கொள்ளுங்கள். தனிநபர் மாறும் வட்டி வீட்டுக்கடனை முன்கூட்டிக் கட்ட அபராதம் வாங்கக் கூடாது என்று ரிசர்வ் வங்கி 2012லேயே வங்கிகளுக்கு உத்தரவிட்டுள்ளது.

கையெழுத்துக்கு முன்னும் பின்னும்

1. 2024 அக்டோபர் முதல் புதிய கடன்களுக்கு முக்கிய விவரங்கள் அடங்கிய தாளை நமக்குப் புரியும் மொழியில் தர வேண்டும். கட்டணங்களையும் சேர்த்த உண்மையான ஆண்டு வட்டி அதில் இருக்கும். அதைப் படிக்காமல் கையெழுத்துப் போடாதீர்கள்.

2. காப்பீட்டுப் பிரீமியத்தைக் கடனோடு சேர்க்கச் சொன்னால் யோசியுங்கள். 1 லட்சம் பிரீமியம், 9 சதவீதத்தில் 20 ஆண்டில் 2 லட்சத்து 16 ஆயிரமாகிறது. காப்பீடு அவசியம்தான், தனியாக எடுத்துக்கொள்ளலாம்.

3. ஆண்டுக்கு ஒரு முறை, புதுக்கணக்கு எழுதும் நாளில், வீட்டுக்கடன் பாக்கியையும் பாக்கி மாதங்களையும் பேரேட்டில் ஒரு பக்கத்தில் எழுதுங்கள்.

4. கடன் முடிந்தால் 30 நாளுக்குள் மூலப்பத்திரங்களைத் திருப்பித் தர வேண்டும்; தாமதத்துக்கு அவர்கள் காரணமானால் நாளொன்றுக்கு 5,000 ரூபாய் தர வேண்டும் என்பது 2023 டிசம்பர் முதல் விதி. பத்திரத்தை வாங்கியதோடு நின்றுவிடாமல், சார்பதிவாளர் அலுவலகத்தில் ரசீது ஆவணம் பதிவு செய்து, வில்லங்கச் சான்றில் கடன் நீங்கியதையும் பார்த்துவிடுங்கள்.

நம் நண்பர் மாடியை வாடகைக்கு விட்டார். அந்தப் பணத்தில் முதலில் தண்டலை முடித்தார். பிறகு வீட்டுத் தவணையை மாதம் 3 ஆயிரம் ஏற்றிக் கட்டுகிறார். கடை அலமாரிகள் இன்னும் முழுவதும் நிறையவில்லை. ஆனால் எங்கள் பேரேட்டில் அவர் பக்கம் மறுபடி நேராகிவிட்டது.

சங்க நிர்வாகிகளுக்கு ஒரு வேண்டுகோள். ஒரு ஞாயிற்றுக்கிழமை மாலை சங்கக் கட்டடத்தில் உறுப்பினர்கள் தங்கள் வீட்டுக்கடன் தாளோடு வரட்டும். கணக்குத் தெரிந்த பிள்ளைகள் நம் வீடுகளிலேயே இருக்கிறார்கள். பாக்கி எவ்வளவு, மாதம் எத்தனை, வட்டி என்ன என்று பார்த்துச் சொல்ல ஆளுக்குப் பத்து நிமிடம் போதும். தண்டல்காரரிடம் போவதற்கு முன் சங்கத்துக்கு வரட்டும் என்பதே நம் ஆசை.

பருப்புக்கு அடக்க விலை பார்க்கும் நாம், வீட்டுக்கும் பார்ப்போம்.

வணிகர் ஒற்றுமை ஓங்குக!