தரங்கம்பாடியின் தாய்க் கோயில்

ஆனைமலையிலிருந்து ஒரு சகோதரி கடிதம் எழுதியிருக்கிறார்: "பக்கத்து வீட்டார் லுத்தரன் சபையைச் சேர்ந்தவர்கள். வாய்க்கு வாய் 'தரங்கம்பாடி, தரங்கம்பாடி' என்கிறார்கள். மாதா கோயிலும் சர்ச்சும் நம் ஊர்ப் பக்கத்தில் இல்லையா? அங்கே மட்டும் என்ன விசேஷம்?"

நியாயமான கேள்வி. அது அவர்களுடைய தாய் வீடு, சகோதரி! தமிழ் சுவிசேஷ லுத்தரன் திருச்சபை 1919-ல் அமைந்தது, தலைமையகம் திருச்சியில். ஆனாலும் அதன் பேராயருக்குத் 'தரங்கம்பாடிப் பேராயர்' என்றுதான் பட்டம்.

கோவையிலிருந்து ரயிலேறி மயிலாடுதுறையில் இறங்கி, அங்கிருந்து பஸ்ஸில் போனால் கடலோரத்தில் இந்தச் சிற்றூர். 1620 முதல் 1845 வரை டென்மார்க்குக்காரர்களின் கையில் இருந்தது. அந்நாட்டு மன்னர் நான்காம் பிரெடரிக் அனுப்பிய சீகன்பால்குவும் புளூட்சோவும் 1706 ஜூலை 9-ல் இங்கே வந்திறங்கினார்கள். சீகன்பால்குவுக்கு அப்போது இருபத்து நான்கு வயது நிறைய ஒரு நாள் பாக்கி! நம் ஊர்த் திண்ணைப் பள்ளிக்கூடத்துப் பிள்ளைகளோடு உட்கார்ந்து, மணலில் விரலால் எழுதித் தமிழ் படித்தாராம். பிறகு புதிய ஏற்பாட்டைத் தமிழில் அச்சேற்றினார்.

1707-ல் கடலருகே ஒரு சிறு ஆலயம் கட்டினார்கள். சபை வளர்ந்தது, அந்த இடம் போதவில்லை. 1717-ல் ராஜ வீதியில் புதிய எருசலேம் ஆலயத்துக்கு அஸ்திவாரமிட்டு, 1718 அக்டோபர் 11-ல் பிரதிஷ்டை செய்தார்கள். இன்றும் அதன் முகப்பில் மன்னரின் கிரீடமும் பெயர்ச் சின்னமும் 1718 என்ற ஆண்டும் இருக்கின்றன. நான்கு மாதம் சென்றதும், 1719 பிப்ரவரி 23-ல், சீகன்பால்கு காலமானார். வயது முப்பத்தாறுதான். தாம் கட்டிய ஆலயத்துக்குள்ளேயே, பீடத்தருகே, அடக்கமானார்.

ஆலயத்தின் அமைப்பைக் கவனியுங்கள். சிலுவை வடிவக் கட்டடம். நான்கு கைகள் வந்து நடுவில் கூடுகின்றன. எந்தக் கையில் உட்கார்ந்தாலும் பிரசங்கம் கேட்கும். எல்லாரும் ஒரே கூரையின் கீழ் ஒரே பீடத்தைப் பார்க்க, இதைவிடப் பொருத்தமான அமைப்பு வேறென்ன வேண்டும் என்று தோன்றுகிறதல்லவா?

ஆனால் மனிதர் மனத்தைக் கட்டுவது அத்தனை சுலபமில்லை. அந்நாளில் இந்த ஆலயத்தில் சாதிக் கிறிஸ்தவர்கள் ஒரு பக்கமும், பறையர் குலத்துக் கிறிஸ்தவர்கள் இன்னொரு பக்கமும் விலகி உட்கார்ந்தார்கள். சிலுவையின் கைகளே பிரிவினைக்கு வசதியாகிவிட்டன!

1733-ல் ஆரோன் என்பவர் குருவானவராக அபிஷேகம் பெற்றார். இந்தியாவிலேயே முதல் புராட்டஸ்டண்டு தமிழ்க் குரு அவர். அதே காலத்தில் ராஜநாயக்கன் என்று ஓர் உபதேசியார் இருந்தார். தஞ்சாவூர் மன்னரின் படையில் போர்வீரராக இருந்து ஊழியத்துக்கு வந்தவர். தஞ்சாவூர்ப் பக்கத்தில் பல வருஷம் பாடுபட்டவர். குருப்பட்டத்துக்கு அவர் பெயரும் அடிபட்டது. ஆனால் அவர் பறையர் குலம். அவர் கையால் திருவிருந்து வாங்க மற்றவர்கள் சம்மதிக்க மாட்டார்கள் என்று தயங்கினார்கள். 1741-ல் அடுத்த பட்டமும் வேறொருவருக்கே போயிற்று. கடைசி வரை அவர் உபதேசியார்தான்.

பின்னாளில் எல்லாக் குலத்தாரும் குருவானவர்கள் ஆனார்கள். ஆனால் அந்தக் கதவு திறக்கும்வரை ராஜநாயக்கன் காத்திருக்க முடியவில்லை.

உங்கள் ஊர் மாசாணியம்மன் சந்நிதியில் மிளகாய் அரைத்துப் பூசி நியாயம் கேட்கிறார்கள், இல்லையா? ராஜநாயக்கனுக்காக யார் போய்க் கேட்டார்கள்? அடுத்த விடுமுறையில் குழந்தைகளைத் தரங்கம்பாடிக்கு அழைத்துப் போனால், சீகன்பால்குவின் சமாதியைக் காட்டுங்கள். அப்படியே ராஜநாயக்கனின் கதையையும் சொல்லுங்கள். பக்கத்து வீட்டாரையும் கூட்டிக்கொண்டு போங்கள். எல்லாரும் ஒரே வரிசையில் உட்காருங்கள்!