கம்பியின் கீழ் வாழ்வோர் கட்சிக்காரர் அல்லரோ?

மின்கம்பி செல்லும் வழி குறித்து வழக்கு மூளும்போது முதலில் எழும் வினா, 'காணி யாருடையது?' என்பதே. வட்டகொடையில் நின்று இந்த வினாவைக் கேட்டுப் பாருங்கள். காணி அரசினுடையது. குத்தகை கம்பெனியினுடையது. லயம் தோட்டத்தினுடையது. அங்கே தலைமுறை தலைமுறையாகப் பிறந்து, கொழுந்து பறித்து, மடிந்தவர்களுக்கு எது உடையது? உறுதி இல்லை, ஆகவே வழக்கும் இல்லை!

நாம் மின்சாரத்தின் பகைவர் அல்லோம். 1950 இல் லக்சபானா நிலையம் இயங்கத் தொடங்கிய நாள்முதல் மலையகத்தின் நீரே கொழும்பின் விளக்குகளை ஏற்றி வந்திருக்கிறது. தலவாக்கலையில் ஆற்றை மறித்து, ஏறக்குறைய 13 கிலோமீற்றர் சுரங்கம் குடைந்து, 150 மெகாவாற்று ஆற்றலுடன் மேல் கொத்மலை நிலையம் 2012 இல் இயங்கலாயிற்று. அதன் 220 கிலோவோல்ட் கம்பி மலைச்சரிவுகளைக் கடந்து கொத்மலைக்குச் செல்கிறது. நீர் நம்முடையது, மலை நம்முடையது. லயத்து அறைகளிலோ பல்லாண்டுக் காலம் மண்ணெண்ணெய் விளக்கே எரிந்தது. அதையும் பொறுத்தோம்.

பொறுக்க இயலாதது வேறொன்று. 2009 ஆம் ஆண்டின் 20 ஆம் இலக்க மின்சாரச் சட்டம், பிறர் காணியூடே கம்பி இழுக்க முதலில் இசைவு கேட்க வேண்டும் என்றது. இசைவு கிட்டாவிடில் பிரதேச செயலாளர் விசாரிப்பார் என்றது. இழப்புக்கு ஈடும் உண்டு என்றது. கேட்க நன்றாகவே இருக்கிறது. ஆனால் கிராமத்துச் சிறு காணிகளூடே கம்பி சென்றால் நூறு உறுதிக்காரர் எழுந்து நிற்பர். தோட்டத்தூடே சென்றால் துரையின் கையொப்பம் ஒன்று போதும். வழியை வரைகின்ற எந்திரியின் பென்சில் எப்பக்கம் சாயும் என்பதை யாம் சொல்லவும் வேண்டுமோ?

வெட்டுண்ட தேயிலைக்கு ஈடு வந்தால் அது கம்பெனியின் கணக்கில் ஏறும். லயத்தின் பின்புறம் ஒரு தாய் பயிரிட்ட லீக்ஸ் பாத்திக்கு, அவள் மாமியார் நட்ட பேரிக்காய் மரத்துக்கு, யார் ஈடு தருவார்? உயரழுத்தக் கம்பியின் கீழ் வீடு கட்டலாகாது என்பது விதி. நிலத்துக்காகக் காத்திருக்கும் குடும்பத்தின் பங்கு அந்தக் கம்பியின் கீழேயே அமைந்துவிட்டால்?

கடல் கடந்து கொங்கு நாட்டைப் பாருங்கள். ராய்கரிலிருந்து புகளூர் வரும் 800 கிலோவோல்ட் பாதையையும் பிற உயர்மின் பாதைகளையும் எதிர்த்து 2018 இல் உழவர்கள் உண்ணாநோன்பு இருந்தனர். அங்கும் சட்டம் கொடிதே. 1885 ஆம் ஆண்டுத் தந்திச் சட்டத்தின் அதிகாரம் மின்பாதைக்கு அளிக்கப்பட்டால் உரிமையாளரின் இசைவு தேவையில்லை என்று 2016 இல் இந்திய உச்ச நீதிமன்றமே தீர்ப்புரைத்தது. எனினும் கோபுரம் நிற்கும் நிலத்துக்கு மதிப்பில் 85 விழுக்காடு, கம்பியின் கீழுள்ள நிலத்துக்கு 15 விழுக்காடு வரை என்று 2015 இல் மத்திய அரசு நெறிமுறை வகுத்திருந்தது. அது போதாது என்று வாதாட அவ்வுழவனிடம் பட்டா இருந்தது. நம்மவரிடம் இருப்பது தோட்டத்துச் செக்ரோல் பெயர் மட்டுமே.

1972, 1975 ஆம் ஆண்டுக் காணிச் சீர்திருத்தச் சட்டங்கள் தோட்டங்களை அரசுடைமையாக்கின. 1992 இல் நிருவாகம் மீண்டும் கம்பெனிகளிடம் சென்றது. இருமுறையும் குடியிருந்தோரைக் கேட்டார் எவருமிலர். இப்போது மின்சார சபையையும் பிரிக்க 2024 இல் சட்டம் வந்துவிட்டது. சபை போய்க் கம்பெனி வரட்டும். கம்பியை இழுப்பவர் பெயர் எதுவாயினும் யாம் கேட்பது இதுவே: 'குடியிருப்போர்' என்ற சொல்லுக்குள் லயத்துத் தொழிலாளரும் அடங்குவர் என எழுத்தில் உறுதிசெய்க. கம்பி வருமுன் அறிவித்தலைத் தமிழில் அச்சிட்டுப் பெரட்டுக்களத்தில் ஒட்டுக. பிரதேச செயலாளரின் விசாரணையில் துரைக்கு ஒரு நாற்காலி போடப்படுமாயின், அதனருகே லயத்தாருக்கும் ஒன்று போடுக.