கலியாணத்துக்கு முன்னரே வந்த அன்பளிப்பு



என் பெறாமகளுக்கு அடுத்த மாதம் கலியாணம். பலகாரச் சூட்டுக்கு முன்னரே அன்பளிப்புகள் வரத் தொடங்கிவிட்டன. "கலியாணம் முடிய எல்லாருக்கும் ஒன்றாய் நன்றி சொல்லலாம்தானே, சின்னம்மா?" என்றாள். எனக்கு என் கலியாணம் நினைவுக்கு வந்தது.

வவுனியாவிலிருந்த பெரியம்மா நடக்க முடியாதவர். ஊருக்கு வந்த ஒருவரிடம் குத்துவிளக்கொன்றைக் கொடுத்தனுப்பியிருந்தார். கலியாண அலுவல்களில் அவருக்கு ஒரு வார்த்தை அறிவிக்க மறந்துபோனேன். இரண்டு மாதம் கழித்துப் பார்க்கப் போனபோது அவர் முதலில் கேட்டது, "பிள்ளை, விளக்குக் கிடைச்சதோ?" என்றுதான். அந்தக் கேள்வியோடு இரண்டு மாதம் இருந்திருக்கிறார்.

ஆகவே பெறாமகளிடம் ஒரு கொப்பியைக் கொடுத்தேன். யார் தந்தது, என்ன பொருள், யார் கையில் வந்தது என்பவற்றை அன்றே எழுத வேண்டும். அன்றோ மறுநாளோ மணப்பெண்ணே பேச வேண்டும். தாய் பேசினால் போதாது. பொருளின் பெயரைச் சொல்லி நன்றி கூறுங்கள். பணமானால் தொகையைச் சொல்லத் தேவையில்லை. தொலைபேசியில் காது கேளாத முதியவருக்கு இரண்டு வரிக் கடிதம் எழுதலாம். கலியாண வீட்டில் மீண்டும் ஒருமுறை சொன்னாலும் குறையில்லை.

நேற்று அவள் முதலாவதாகத் தொலைபேசி எடுத்தாள். "மாமி, சாறி கிடைச்சது" என்றாள். மறுமுனையில் மாமி சிரித்தது எனக்கும் கேட்டது.