கேமராவுக்குத் தெரிந்த குற்றவாளி

ஆரணியில் பட்டுத்தறி நெய்பவருக்குக் கண், கை, கால் மூன்றுக்கும் வேலை உண்டு. காது மட்டும்தான் சும்மா இருக்கும். முன்பு அதற்கு ரேடியோ, இப்போது செல்போனில் ஓடும் தொடர். நாடா ஓடும் சத்தத்தோடு 'சுழல்' கேட்டவர்களின் தீர்ப்பு ஒன்றுதான்: "நந்தினி கொன்னது சரி. கோர்ட்டுக்குப் போயிருந்தா என்ன கிழிச்சிருப்பாங்க?" (தொடரின் நாயகி நந்தினி, கடைசியில் குற்றவாளியைத் தானே கொல்கிறாள். முடிவைச் சொல்லிவிட்டேன். 2022-ல் வந்த தொடர், பொறுத்துக்கொள்ளுங்கள்.)

நந்தினி மீது எனக்கும் இரக்கம் உண்டு. தீர்ப்பில்தான் உடன்பாடில்லை.

குற்றம் செய்தவன் யாரென்று தெரிந்துதானே கொன்றாள் என்கிறார்கள். நமக்கும் தெரியும்தான், கடைசியில் கேமரா காட்டிக்கொடுத்ததால். அதுவரை எத்தனை பேரைச் சந்தேகப்பட்டோம்! தொடக்கத்திலேயே தீர்ப்பு எழுதச் சொல்லியிருந்தால், கதையில் வரும் ஆலைத் தீக்காக, நந்தினியின் அப்பாவாக வரும் பார்த்திபனைத் தூக்கில் போட்டிருப்போம்.

நிஜத்தில் கேமரா கிடையாது. 2018 மே மாதம், நம் போளூர் பக்கத்து அத்திமூரில் குலதெய்வம் கும்பிடச் சென்னையிலிருந்து காரில் வந்த குடும்பம், வழியில் கண்ட பிள்ளைகளுக்குச் சாக்லேட் கொடுத்தது. பிள்ளை பிடிப்பவர்கள் என்று ஏற்கெனவே வாட்ஸ்அப்பில் வதந்தி. ஊர் கூடி அடித்ததில் 65 வயது அம்மா செத்தே போனார். அடித்தவர்களுக்கும் 'உறுதியாகத்தான்' தெரிந்திருந்தது.

கோர்ட் இழுக்கும் என்பது உண்மை. வாச்சாத்தியில் 1992-ல் நடந்த கொடுமைக்குத் தீர்ப்பு வர 2011 ஆனது. ஆனால் அங்கே குற்றவாளிகள் யார்? சந்தனக் கட்டை தேடுகிறோம் என்று ஊருக்குள் புகுந்து, அடித்து நொறுக்கி, 18 பெண்களைச் சீரழித்த வனத்துறை, காவல், வருவாய்த் துறை ஆட்கள். நின்ற இடத்திலேயே தண்டனை கொடுக்கப் போனவர்கள்தான் அவர்களும். உயிரோடிருந்த 215 பேரையும் தண்டித்தது இழுத்தடித்த அதே கோர்ட்.

என்கவுன்ட்டராவது சரியா? 2019-ல் ஹைதராபாத் அருகே பாலியல் கொலை வழக்கில் பிடிபட்ட நால்வரைப் போலீஸ் சுட்டுக்கொன்றபோது மக்கள் பூத்தூவினார்கள். உச்ச நீதிமன்றம் அமைத்த சிர்புர்கர் ஆணையம், கொல்லும் நோக்கத்தோடுதான் சுட்டார்கள் என்றது. நால்வரில் மூவர் சிறுவர்கள் என்றும் சொன்னது. தூவிய பூவை யார் பொறுக்குவது?

தொடரை எடுத்தவர்களே நந்தினியைத் தப்பவிடவில்லை. 2025-ல் வந்த இரண்டாம் பாகத்தில் அவள் இருப்பது ஜெயிலில்.

அடுத்த தொடரில் யாராவது அரிவாள் எடுத்தால் தாராளமாகக் கைதட்டுங்கள். வாட்ஸ்அப்பில் 'பிள்ளை பிடிப்பவன்' என்று படம் வந்தால் மட்டும், அதை யாருக்கும் அனுப்பாமல் 100-க்குப் போன் போடுங்கள்.