ஏழு நாட்களும் ஒரு தாலியும்

‘அந்த 7 நாட்கள்’ படத்தை எமது சனம் எத்தனை தரம் பார்த்திருக்கும் என்பதற்குக் கணக்கில்லை. 1981இல் வந்த பாக்யராஜ் படம். வீடியோக் கொப்பியாகப் புகலிடமெங்கும் சுற்றி, இன்று கைத்தொலைபேசி வரை வந்துவிட்டது. ஆர்மோனியத்தோடு வந்திறங்கும் பாலக்காட்டு மாதவனின் மலையாளத் தமிழுக்கு வயிறு குலுங்கச் சிரித்தவர்கள்தான் நாமும். சிரிப்போடு எமக்குப் பகையில்லை. சிரிக்க வைத்துவிட்டுக் கடைசியில் எம்மை எதற்குத் தலையாட்ட வைக்கிறார்கள் என்பதுதான் கேள்வி.

மாதவனைக் காதலித்த வசந்தி, வீட்டாரின் கட்டாயத்தால் டொக்டர் ஆனந்துக்கு மனைவியாகிறாள். முதலிரவிலேயே நஞ்சருந்துகிறாள். காப்பாற்றிய கணவன், ஒரு கிழமையில் அவளைக் காதலனிடம் சேர்ப்பதாக வாக்களிக்கிறான். இதுவரை, தமிழ்ச் சினிமாவில் காணக்கிடைக்காத துணிவு. பிறகு? ஒருவன் கொடுக்க வருகிறான், மற்றவன் வேண்டாமென்று திருப்பிக் கொடுக்கிறான். இரவல் வாங்கிய சைக்கிளையும் இப்படித்தான் திருப்பிக் கொடுப்போம். தாலியைக் கழற்ற அவளே விடவில்லையே என்பார்கள். அந்தக் கையைத் தடுக்க வைத்த பேனா யாருடையது?

கணவன் நல்லவன்தானே என்று சில நண்பர்கள் வாதாடுகிறார்கள். சூழ்ச்சி அங்கேதான் இருக்கிறது. படம் அவளை நிறுத்தி வைப்பது கணவனின் குணத்தைக் காட்டி அல்ல, தாலியைக் காட்டி. அவன் அடிப்பவனாக இருந்தாலும் அதே தாலிதானே?

1961இல் இத்தாலியில் பியேத்ரோ ஜெர்மி ‘இத்தாலிய பாணி விவாகரத்து’ என்றொரு நகைச்சுவைப் படம் எடுத்தார். விவாகரத்துக்குச் சட்டமில்லாத நாடு. ஆனால் ‘மானத்துக்காக’ மனைவியைக் கொன்றவனுக்கு, தண்டனைச் சட்டத்தின் 587ஆம் பிரிவின்படி மூன்று முதல் ஏழு வருடம்தான் சிறை. மார்செல்லோ மாஸ்த்ரோயானி நடித்த சிசிலியப் பிரபு, இளம் மைத்துனியை மணப்பதற்காகத் தன் மனைவிக்குத் தானே ஒரு கள்ளக்காதலைத் தேடிக்கொடுத்து, பிறகு சுடுகிறான். மனைவியின் மெல்லிய மீசையைக் காட்டிச் சிரிக்க வைப்பது எமக்குப் பிடிக்கவில்லை; அதையும் சொல்லத்தான் வேண்டும். ஆனாலும் அந்தச் சிரிப்பு சட்டத்தின் முகத்தில் காறி உமிழ்ந்தது. 1970இல் அங்கே விவாகரத்துச் சட்டம் வந்தது. அதை நீக்கக் கேட்ட 1974ஆம் ஆண்டு வாக்கெடுப்பில், ஏறத்தாழ 59 வீதமானோர் நீக்கக்கூடாதென்றனர். 587ஆம் பிரிவு ஒழிந்தது 1981இல். நாம் வசந்தியின் தாலிக்குக் கைதட்டிய அதே வருடம்.

நாம் வாழும் நாடுகளில் விவாகரத்துக்குச் சட்டம் குறுக்கே நிற்பதில்லை. நிற்பது நாம்தான். ஒரு பெண் இனி முடியாதென்று வெளியே வந்தால், சித்தப்பாமாரும் கோயில்காரரும் சங்கக்காரரும் வரவேற்பறையில் கூடிவிடுகிறார்கள். முதலில் கேட்பது, வேறு யாராவது இருக்கிறானா என்று. அடுத்தது, ஊர் என்ன சொல்லும் என்று. அவளுக்கு என்ன நடந்தது என்று கேட்பவர் அதற்குப் பிறகுதான் வருகிறார், வந்தால்.